போர் நிலத்தைப் படித்த மனிதன்: குர்ட் லெவினும் சமூக உளவியலும்

கிரான் சந்தியிலிருந்து புலிபாய்ந்தகல் நோக்கி மேற்கே போகும் வீதி இன்று வயலுக்கும் மாட்டுப்பட்டிக்கும் போகிறவர்களின் வீதி. மாரியில் வெள்ளம் பெருகினால் வீதி மூழ்கிவிடும், சனங்கள் படகில் கடப்பார்கள். போர்க்காலத்திலும் இதே வீதிதான், இதே வயல்தான். ஆனால் அன்று அந்த வழியால் போனவர்கள் வேறொரு நிலத்தைப் பார்த்தார்கள். சோதனைச்சாவடி எங்கே, எந்த இடத்தோடு இராணுவத்தின் கட்டுப்பாடு முடிந்து புலிகளின் கட்டுப்பாடு தொடங்குகிறது, செல் வந்தால் எந்த வரம்போடு விழுந்து படுக்கலாம் என்பவைதான் கண்ணுக்குத் தெரிந்தன. மரம் நிழல் தருவதாகத் தெரியவில்லை, மறைவு தருவதாகத் தெரிந்தது.

நிலம் இப்படி உருமாறுவதை நூறு ஆண்டுகளுக்கும் முன்பே ஒருவர் கட்டுரையாக எழுதினார். 1917ஆம் ஆண்டு, முதலாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்த நேரம். எழுதியவர் ஜேர்மன் இராணுவத்தின் பீரங்கிப் படையில் இருந்த குர்ட் லெவின் என்ற 27 வயது இளைஞர். சமாதான காலத்து நிலம் எல்லாத் திசைகளிலும் ஒரே மாதிரி விரிந்து கிடக்கிறது. முன்னரங்கை நெருங்க நெருங்க அதற்கு ஒரு முன்பக்கமும் பின்பக்கமும் வந்துவிடுகின்றன, அது ஓர் எல்லையோடு முடிந்துபோகிறது. வீடு குடியிருக்கும் இடம் என்ற பொருளை இழந்து விறகாகவோ அரணாகவோ மாறுகிறது. சண்டை வேறிடத்துக்கு நகர்ந்தால் அதே நிலம் விரைவிலேயே பழையபடி வயலாகவும் ஊராகவும் தெரியத் தொடங்குகிறது. இதுவே அந்தக் கட்டுரையின் சாரம்.

மனிதன் எப்படி நடந்துகொள்கிறான் என்பதை அவனுக்குள் மட்டும் தேடக்கூடாது, அவன் எந்த நிலத்தில் நிற்கிறான் என்பதையும் சேர்த்தே பார்க்க வேண்டும் என்ற எண்ணம் அவரிடம் அந்தக் கட்டுரையிலேயே தெரிகிறது. பின்னாளில் சமூக உளவியல் என்ற துறையை உருவாக்கிய முதன்மையானவர்களில் ஒருவராக அவரை ஆக்கியதும் இந்த எண்ணம்தான்.

மொகில்னோவிலிருந்து பேர்லினுக்கு

லெவின் 1890 செப்டம்பர் 9ஆம் திகதி மொகில்னோ என்ற சிற்றூரில் பிறந்தார். அது அன்று பிரஷ்யாவின் போசன் மாகாணத்தில் இருந்தது, இன்று போலந்தில் இருக்கிறது. போலந்துக்காரர்களும் ஜேர்மனியர்களும் யூதர்களும் அடுத்தடுத்து வாழ்ந்த பகுதி அது. லெவின் குடும்பம் யூதக் குடும்பம். தந்தை ஒரு பலசரக்குக் கடையும் சிறிய பண்ணையும் நடத்தினார். யூதர் மீதான வெறுப்பு அங்கே அன்றாட வாழ்வின் ஒரு பகுதியாக இருந்தது. ஊரில் எவ்வளவு மதிப்போடு வாழ்ந்தாலும் சில கதவுகள் தங்களுக்குத் திறக்காது என்பதைத் தெரிந்தே அவர் வளர்ந்தார்.

பிள்ளைகளின் படிப்புக்காகக் குடும்பம் 1905இல் பேர்லினுக்குப் போனது. லெவின் முதலில் மருத்துவமும் பிறகு உயிரியலும் படித்து, இறுதியில் பேர்லின் பல்கலைக்கழகத்தில் கார்ல் ஸ்டும்ஃப் என்ற பேராசிரியரிடம் உளவியல் ஆய்வு செய்தார். ஆய்வை முடித்த காலத்தில் போர் தொடங்கியது. தானாகவே படையில் சேர்ந்தார், 1918இல் காயமடைந்தார், அவருக்கு இரும்புச் சிலுவை விருதும் கிடைத்தது. ஜேர்மனிக்காக இரத்தம் சிந்திய இந்த மனிதரை அந்த நாடு பிறகு எப்படி நடத்தியது என்பதை இந்தக் கதையின் அடுத்த பகுதி சொல்லும்.

முடியாத வேலை

போருக்குப் பிறகு பேர்லின் உளவியல் நிறுவகத்தில் லெவினைச் சுற்றி மாணவர்கள் திரண்டார்கள். அவர்களில் கணிசமானோர் பெண்கள், பலர் கிழக்கு ஐரோப்பாவிலிருந்து வந்தவர்கள். விரிவுரை மண்டபத்தில் நடந்ததைவிடக் கூடுதலான பேச்சு பக்கத்துக் கோப்பிக் கடையில் நடந்தது. அந்தக் கடைப் பணியாளர் காசு கட்டாத கணக்கை எழுதாமலே ஞாபகம் வைத்திருந்ததையும், காசு கட்டியவுடன் அதை மறந்துபோனதையும் லெவின் கவனித்ததாக ஒரு கதை உண்டு.

அந்தக் கேள்வியை அவருடைய மாணவி புளூமா சைகார்னிக் ஆய்வாக எடுத்தார். பலருக்குச் சிறு சிறு வேலைகள் கொடுத்து, பாதியை முடிக்க விட்டு, பாதியை இடையில் நிறுத்தினார். முடித்த வேலைகளைவிட இடையில் நின்றுபோன வேலைகளே ஏறக்குறைய இரு மடங்கு நினைவில் நின்றன என்று 1927இல் அறிவித்தார். மரியா ஓவ்சியான்கினா என்ற இன்னொரு மாணவி அடுத்த ஆண்டில் இன்னும் ஒரு படி போனார். இடையில் தடுக்கப்பட்ட வேலைக்கு மனிதர்கள் யாரும் சொல்லாமலே திரும்பிப் போகிறார்கள் என்று காட்டினார். ஒரு காரியத்தைத் தொடங்கியதும் மனதில் ஓர் இறுக்கம் உண்டாகிறது, அது முடியும் வரை அந்த இறுக்கம் அவிழாது என்பதே லெவின் தந்த விளக்கம். சைகார்னிக்கின் முடிவைப் பிற்காலப் பரிசோதனைகள் எல்லாம் உறுதிப்படுத்தவில்லை. திரும்பிப் போகும் உந்தலைப் பற்றிய ஓவ்சியான்கினாவின் முடிவு அதைவிட உறுதியாக நிற்கிறது.

பரிசோதனைக் கூடத்துச் சிறு வேலையையும் பிள்ளையைத் தேடும் தாயின் வாழ்வையும் ஒரே தராசில் வைக்க முடியாது. ஆனாலும் இந்தக் கண்டுபிடிப்பு எங்கள் மண்ணில் கவனிக்கத்தக்கது. 1990 செப்டம்பர் 5ஆம் திகதி வந்தாறுமூலை கிழக்குப் பல்கலைக்கழக வளாகத்தில் தஞ்சமடைந்திருந்தவர்களில் 158 பேர் பிடித்துச் செல்லப்பட்டார்கள். அவர்களின் வீடுகள் கிரானிலிருந்து தொலைவில் இல்லை. காலம் போய்விட்டது, மறந்துவிடுங்கள் என்று அந்தக் குடும்பங்களுக்குச் சொல்கிறவர்கள் இருக்கிறார்கள். பதில் கிடைக்காத கேள்விக்கு மனம் திரும்பத் திரும்பப் போவது பலவீனமோ பிடிவாதமோ அல்ல என்பதை அவர்கள் அறிந்துகொள்ள வேண்டும். சைகார்னிக்கின் வாழ்விலும் அரசின் கை விழுந்தது. 1940இல் சோவியத் அரசு அவருடைய கணவரைக் கைது செய்து சிறையில் அடைத்தது.

நாடு இழந்தவர்

1932இல் அமெரிக்காவின் ஸ்டான்போர்ட் பல்கலைக்கழகம் லெவினைச் சில மாதங்களுக்கு அழைத்தது. அது முடிந்து ஜப்பான் வழியாகவும் ரஷ்யா வழியாகவும் ஊர் திரும்பிக்கொண்டிருந்த போதுதான், 1933 ஜனவரி இறுதியில் ஹிட்லர் ஜேர்மனியின் அதிபரானார். சில மாதங்களில் யூதர்கள் அரச பணிகளிலிருந்து நீக்கப்பட்டார்கள். போர்முனையில் இருந்தவர்களுக்கு ஆரம்பத்தில் விலக்கு இருந்தது. லெவின் அந்த விலக்கைப் பயன்படுத்தவில்லை. தன் பிள்ளைகள் படிக்க முடியாத பல்கலைக்கழகத்தில் தான் கற்பிக்கத் தேவையில்லை என்று முடிவெடுத்து விலகினார்.

அந்த ஆண்டே மனைவி பிள்ளைகளோடு அமெரிக்கா போனார். கோர்னெல் பல்கலைக்கழகத்தில் இரண்டு ஆண்டுகள் தற்காலிக வேலை. 1935இல் அயோவாவில் இருந்த சிறுவர் நல ஆய்வு நிலையத்தில் இடம் கிடைத்தது. ஆங்கிலம் தட்டுத்தடுமாறித்தான் வந்தது. பேர்லினில் பெயர்பெற்ற அறிஞர் 40 வயதைத் தாண்டியபின் இன்னொரு நாட்டில் முதலிலிருந்து தொடங்கினார். 1940இல் அமெரிக்கக் குடியுரிமை பெற்றார்.

ஐரோப்பாவில் இருந்த தாயை எப்படியாவது வெளியே எடுத்துவிட வேண்டும் என்று விசாவுக்காக ஆண்டுக்கணக்கில் அலைந்தார். கடிதங்கள், விண்ணப்பங்கள், தெரிந்தவர்களின் சிபாரிசுகள் எல்லாம் வீணாயின. நாசிகள் போலந்தில் நடத்திய கொலை முகாம் ஒன்றில் அவருடைய தாய் கொல்லப்பட்டார். வெளிநாட்டில் இருந்துகொண்டு ஊரில் அகப்பட்ட உறவுகளுக்காக இரவெல்லாம் தொலைபேசியோடு இருந்த எங்கள் ஆட்களுக்கு இந்த வரிகளை விளக்க வேண்டியதில்லை.

குழுவைப் படித்தல்

சமூக உளவியல் அதற்கு முன்பே பெயரளவில் இருந்தது. 1908இல் அந்தப் பெயரோடு இரண்டு பாடநூல்கள் வெளிவந்தன, ஒன்று வில்லியம் மக்டூகல் எழுதியது, மற்றது எட்வர்ட் ரொஸ் எழுதியது. 1924இல் ஃபுளொய்ட் ஓல்போர்ட்டின் பாடநூல் வந்தது. குழு என்று தனியாக ஒன்று கிடையாது, தனிமனிதர்களே உண்டு என்பது ஓல்போர்ட்டின் நிலைப்பாடு. லெவின் அதை ஏற்கவில்லை. ஒருவரின் நடத்தையை அந்த ஆளும் அவருடைய சூழலும் சேர்ந்தே தீர்மானிக்கின்றன என்றும், குழு அந்தச் சூழலின் வலிமையான பகுதி என்றும் அவர் வாதிட்டார். இதற்குக் களக் கோட்பாடு என்று பெயர் வந்தது.

அதை எப்படி நிரூபிப்பது? ரொனால்ட் லிப்பிட், ரால்ஃப் வைட் என்ற இரண்டு இளம் ஆய்வாளர்களோடு சேர்ந்து 10, 11 வயதுச் சிறுவர்களுக்கான சிறு கழகங்களை அமைத்தார். சிறுவர்கள் முகமூடி செய்வது போன்ற கைவேலைகளில் ஈடுபட்டார்கள். ஒரு கழகத் தலைவர் எல்லாவற்றையும் கட்டளையாகச் சொன்னார். இன்னொருவர் சிறுவர்களோடு பேசி முடிவெடுத்தார். மூன்றாமவர் எதிலும் தலையிடாமல் விட்டுவிட்டார். 1939இல் முடிவுகள் வெளிவந்தன.

கட்டளைத் தலைவரின் கீழ் சில குழுக்கள் சத்தமின்றி அடங்கிக் கிடந்தன, சில குழுக்களில் ஒருவரோடொருவர் பகைத்துக்கொண்டார்கள். தலைவரை எதிர்க்க முடியாதவர்கள் தங்களுக்குள் ஒருவனைப் பிடித்து அவன்மேல் கோபத்தைக் கொட்டினார்கள். அப்படி ஒதுக்கப்பட்ட சிறுவர்கள் கழகத்தை விட்டே போனதும் உண்டு. தலைவர் அறையை விட்டு வெளியேறியதும் வேலை நின்றது. கலந்து பேசிய கழகத்தில் தலைவர் இல்லாத போதும் வேலை நடந்தது. தலைமையின் விதம் மாறியவுடன் அதே சிறுவர்களின் நடத்தையும் மாறியது என்பதுதான் முக்கியமானது. அடக்கத்திலிருந்து விடுபட்ட குழுவில் முதலில் ஒரு குமுறல் வெடித்து, பிறகுதான் தணிந்தது. ஆட்களின் பிறவிக் குணம் என்று நாம் நினைத்திருந்த பல விடயங்கள் அவர்கள் இருக்கும் ஏற்பாட்டின் விளைவு என்பதை இந்தச் சிறுவர்கள் காட்டினார்கள்.

இரண்டாம் உலகப் போரின் போது அமெரிக்காவில் நல்ல இறைச்சி படைகளுக்குப் போனது. இதயம், சிறுநீரகம் போன்றவற்றைச் சமைக்குமாறு இல்லத்தரசிகளைத் தூண்ட அரசு விரும்பியது. மானிடவியலாளர் மார்கரட் மீட் செயலாளராக இருந்த உணவுப் பழக்கக் குழுவோடு சேர்ந்து லெவின் ஓர் ஆய்வு செய்தார். சில பெண்கள் குழுக்களுக்கு நல்ல விரிவுரை கொடுக்கப்பட்டது. வேறு சில குழுக்கள் தாங்களே பேசி, பயத்தையும் அருவருப்பையும் வெளிப்படையாகச் சொல்லி, இறுதியில் கைதூக்கி முடிவெடுத்தன. விரிவுரை கேட்டவர்களில் 3 வீதத்தினரே அந்த இறைச்சியைப் பிறகு சமைத்தார்கள். சேர்ந்து முடிவெடுத்தவர்களில் 32 வீதத்தினர் சமைத்தார்கள்.

போரும் சுனாமியும் முடிந்தபின் எங்கள் கிராமங்களுக்கு எத்தனை விழிப்புணர்வுக் கருத்தரங்குகள் வந்தன என்று எண்ணிப் பார்த்தால் இந்த இரண்டு எண்களின் பெறுமதி விளங்கும். பதாகை கட்டி, சோற்றுப் பார்சல் கொடுத்து, வரவுப் பதிவில் கையெழுத்து வாங்கிப் போனார்கள். பேசியவர் வெளியிலிருந்து வந்தவர், முடிவும் அவர் கொண்டுவந்ததே. சனம் மாறவில்லை என்று பிறகு அறிக்கை எழுதப்பட்டது. பழைய பழக்கம் முதலில் இளக வேண்டும், பிறகு நகர வேண்டும், பிறகு புதிய இடத்தில் உறைய வேண்டும் என்றும், இந்த மூன்றும் குழுவுக்குள்ளேதான் நடக்கும் என்றும் லெவின் எழுதினார்.

சிறுபான்மையினரின் கேள்வி

1945இல் மசசூசெட்ஸ் தொழில்நுட்ப நிறுவகத்தில் குழு இயக்கவியல் ஆய்வு மையத்தை அவர் தொடங்கினார். அதே காலத்தில் அமெரிக்க யூதக் காங்கிரசின் சமூக உறவுகள் பற்றிய ஆணைக்குழுவையும் கட்டியெழுப்பினார். இனப் பாகுபாட்டை ஆராய்ந்து விட்டுவிடாமல் மாற்றவும் வேண்டும் என்பது அவருடைய நோக்கம். சிறுபான்மையினரின் பிரச்சினை என்று சொல்லப்படுவது உண்மையில் பெரும்பான்மையினரின் பிரச்சினை, சிறுபான்மையினர் எவ்வளவு நல்ல பிள்ளையாக நடந்தாலும் அதனால் மட்டும் பாகுபாடு ஒழியாது என்பது அவருடைய கருத்து. தன் இனத்தையே இழிவாகப் பார்க்கும் மனநிலை யூதர் சிலரிடம் எப்படி உண்டாகிறது என்றும் எழுதினார். தன் குழுவில் உறுதியாக வேர் கொண்ட பிள்ளையால்தான் மற்றக் குழுவினரை அச்சமின்றிச் சந்திக்க முடியும் என்று அவர் நம்பினார்.

இங்கிருந்துதான் செயல்நிலை ஆய்வு என்ற முறை பரவியது. மட்டக்களப்பு ஆசிரியர் கலாசாலையிலும் கல்வியியற் கல்லூரியிலும் பயின்றவர்களுக்கு இந்தச் சொல் பழக்கமானது. 1946இல் லெவின் எழுதிய கட்டுரை அதன் அடிப்படைகளில் ஒன்று. திட்டமிடு, செய், என்ன நடந்தது என்று பார், திரும்பத் திட்டமிடு என்ற சுற்று அது. ஆய்வு செய்யப்படுகிறவர்களும் ஆய்வாளர்களோடு அந்தச் சுற்றில் நிற்க வேண்டும்.

அந்த ஆண்டின் கோடையில் கனெக்டிகட் மாநிலத்தில், நியூ பிரிட்டன் என்ற ஊரில், இன உறவுகளில் வேலை செய்யும் ஆசிரியர்களுக்கும் சமூகப் பணியாளர்களுக்கும் ஒரு பயிற்சி நடந்தது. இரவில் ஆய்வாளர்கள் தனியாகக் கூடி அன்றைய குழுக்களில் யார் எப்படி நடந்தார்கள் என்று பேசுவது வழக்கம். பங்குபற்றியவர்கள் சிலர் தாங்களும் இருந்து கேட்கலாமா என்று கேட்டார்கள். மற்றவர்கள் தயங்கிய போது லெவின் சம்மதித்தார். தன்னைப் பற்றிச் சொல்லப்பட்டதைக் கேட்டுக்கொண்டிருந்த ஒரு பெண், நடந்தது அப்படியல்ல என்று மறுத்தார். விவாதம் சூடுபிடித்தது, இரு தரப்பும் கற்றுக்கொண்டன. அடுத்த இரவுகளில் ஏறக்குறைய எல்லோருமே வந்துவிட்டார்கள். உலகெங்கும் இன்று நடக்கும் குழுப் பயிற்சிகளில் பலவற்றின் வேர் அந்த இரவுகளில் இருக்கிறது.

அதன் பலனை லெவின் பார்க்கவில்லை. 1947 பெப்ரவரியில் மாரடைப்பால் இறந்தார். அப்போது அவருக்கு வயது 56.

பிறகு வந்தவர்கள்

அவருடைய மையம் அடுத்த ஆண்டு மிச்சிகன் பல்கலைக்கழகத்துக்கு மாறியது. அவரிடம் படித்தவர்களே அடுத்த தலைமுறையின் சமூக உளவியலை நடத்தினார்கள். அவர்களில் ஒருவர் லியோன் ஃபெஸ்டிங்கர். 1934ஆம் ஆண்டு பீகார் நிலநடுக்கத்தின் பின் பரவிய வதந்திகளை ஜமுனா பிரசாத் என்ற இந்திய உளவியலாளர் சேகரித்திருந்தார். நடுக்கத்தை உணர்ந்தும் சேதம் அடையாத ஊர்களில் கூட இன்னும் பெரிய அழிவு வரப்போகிறது என்ற வதந்திகள் ஓடின. பயம் உள்ளே இருக்கிறது, அதற்குக் கண்முன்னே காரணம் இல்லை, ஆகவே மனம் காரணத்தைத் தேடிப் பிடிக்கிறது என்று ஃபெஸ்டிங்கர் விளக்கினார். அறிகை முரண்பாடு என்ற அவருடைய பிரபலமான கோட்பாட்டுக்கு வழிகாட்டியவற்றில் இதுவும் ஒன்று. 2004 சுனாமிக்குப் பிறகு கடல் வருகிறது என்ற குரலுக்குக் கரையோர ஊர்கள் ஓடியதை நினைத்தால் இது அந்நியமாகத் தோன்றாது.

இன்னொரு மாணவர் மோர்டன் டொய்ச். வெள்ளையரும் கறுப்பினத்தவரும் ஒரே கட்டடத்தில் கலந்து குடியேறிய வீட்டுத்திட்டங்களையும், பிரித்துக் குடியேற்றப்பட்ட திட்டங்களையும் அவர் மேரி எவன்ஸ் கொலின்ஸோடு சேர்ந்து ஒப்பிட்டார். கலந்து வாழ்ந்த இடங்களில் இல்லத்தரசிகளிடையே நட்பும் மதிப்பும் கூடுதலாக இருந்தன என்று 1951இல் அவர்கள் வெளியிட்டார்கள்.

லெவினின் எல்லா எழுத்தும் காலத்தைக் கடந்து நிற்கவில்லை. அவர் வரைந்த கணித வடிவப் படங்களை இன்று அதிகம் பேர் பயன்படுத்துவதில்லை. தொழிலாளர்களைக் கலந்து பேச வைத்தால் உற்பத்தி கூடும் என்ற பாடத்தை முதலாளிகள் தங்கள் வசதிக்கு எடுத்துக்கொண்டார்கள் என்ற விமர்சனம் உண்டு. கூடிப் பேசினால் எல்லாம் சரியாகிவிடும் என்று நம்புவதும் தவறு. ஒரு தரப்பின் கையில் துப்பாக்கியும் மறு தரப்பின் கையில் மனுவும் இருக்கும்போது நடப்பது கலந்துரையாடல் ஆகாது.

இவற்றையெல்லாம் கழித்த பின்பும் எஞ்சுவது எங்களுக்குப் போதுமானது. 1990 ஆகஸ்டில் ஏறாவூரில் முஸ்லிம்கள் கொல்லப்பட்டார்கள். அடுத்த மாதம் வந்தாறுமூலையில் தமிழர்கள் பிடித்துச் செல்லப்பட்டார்கள். ஒரே சந்தையில் மீனும் நெல்லும் மாறிய ஊர்கள் ஒன்றையொன்று சந்தேகத்தோடு பார்க்கத் தொடங்கின. அந்தச் சந்தேகம் தமிழரின் குணமும் அல்ல, முஸ்லிம்களின் குணமும் அல்ல. போர் நிலத்தை வெட்டிய விதம் அது. லெவின் 1917இல் எழுதியது போல, சண்டை நகர்ந்தால் மண் விரைவில் வயலாகிவிடும். மனிதர்களுக்கு இடையே போடப்பட்ட எல்லைகள் அப்படித் தானாகக் கரைவதில்லை. கிரான், வாழைச்சேனை, ஓட்டமாவடி, ஏறாவூர் மக்கள் மேய்ச்சல் தரைக்கும் தண்ணீருக்கும் சந்தைக்கும் ஒன்றாக இருந்து தாங்களே முடிவெடுக்கும் ஒவ்வொரு கூட்டமும் அந்த எல்லைகளில் ஒன்றை அழிக்கிறது.

அடுத்த முறை யாராவது வினாக்கொத்தோடு ஊருக்கு வந்தால், அதன் முடிவு எங்களுக்கும் வாசிக்கப்படுமா, அதை மறுத்துப் பேச எங்களுக்கு இடம் உண்டா என்று கேட்கலாம். நியூ பிரிட்டனில் ஒரு பெண் அதைத்தான் செய்தார்.